தொட்டியின் விளிம்பு

லாசாலில் உள்ள முதியோர் இல்லத்தில் கப்டன் விட்லியைக் குளிப்பாட்டுவது தவமலரின் வேலை. அவர் பிரிட்டிஷ் கடற்படையில் இருந்தவர், வயது நூற்றிரண்டு. தொட்டியில் இறக்கியதும் போர்க்காலக் கதை தொடங்கிவிடும். கப்பல் மூழ்கியபோது, நிறைந்துபோன உயிர்காப்புப் படகின் விளிம்பைப் பிடித்துத் தொங்கிய இந்திய மாலுமிகளின் விரல்களை அவர் துடுப்பால் அடித்துப் பிடிவிடச் செய்தாராம். படகைக் காப்பாற்றியதற்குப் பதக்கம் கொடுத்தார்கள், பிறகு ஒரு கப்பலின் தலைமையும் கொடுத்தார்கள் என்று சொல்லிச் சிரிப்பார்.

சில வாரங்களாக, குளித்து முடித்ததும் அவருடைய விரல்கள் கன்றியிருந்தன. தாதி சாருஜா தவமலரைக் கூப்பிட்டு விசாரித்தாள்.

"அக்கா, நீங்களோ அடிச்சனீங்கள்?"

"இல்லைப் பிள்ளை. அவர் தொட்டி விளிம்பைப் பிடிச்ச உடனை விரலிலை அடி விழுது. அடிக்கிற ஆளைக் காணேல்லை."

"அப்ப பிடிக்க விடாதேங்கோ. இன்னொருக்கா காயம் கண்டால் உங்கடை வேலை போயிடும்."

"ஓம் பிள்ளை."

வியாழக்கிழமை தவமலர் இளஞ்சூட்டில் தண்ணீர் விட்டு அவரை இறக்கினாள். அவர் கதை சொல்லவில்லை. இரண்டு கைகளையும் மார்போடு ஒளித்துக்கொண்டு அழுதார். அவள் அந்தக் கைகளை மெதுவாக இழுத்து விளிம்பின்மேல் வைத்தாள்.

"இறுக்கிப் பிடியுங்கோ, கப்டன்" என்றாள்.

பிறகு, வெளியே சத்தம் கேட்காதபடி குழாயை முழுவதுமாகத் திறந்துவிட்டாள்.