விடுவிக்கப்பட்டவர்

பிடித்துக்கொண்டுபோன மகனை நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுத்தும்படி நேசமலர் போட்டிருந்த மனு அன்று காலை தள்ளுபடியானது. குகதாசனைப் போன வெள்ளிக்கிழமையே விட்டாயிற்று, அவன் தாயோடு வெள்ளவத்தை வீட்டில்தான் இருக்கிறான் என்று பொலிஸ் தரப்பு சொன்னது. ஆள் வீட்டில் இருக்கையில் இந்த மனுவால் இனி ஒரு பயனும் இல்லை என்றார் நீதிபதி.

"பிள்ளை வரேல்லை ஐயா, சத்தியமா வரேல்லை" என்று அவள் சொன்னது பக்கத்தில் நின்ற சட்டத்தரணிக்கு மட்டும்தான் கேட்டது.

பின்னேரம் அவளுடைய ஒழுங்கையில் ஆமியின் சுற்றிவளைப்பு; வீடு வீடாகச் சோதனை. அடையாள அட்டையைக் கையில் எடுத்துக்கொண்டு கதவைத் திறந்தாள்.

"வீட்டில எத்தனை பேர்?" என்று ஆமிக்காரன் கொச்சைத் தமிழில் கேட்டான்.

"நான் ஒராள்தான் சேர்."

அவளுடைய அட்டையைப் பார்த்துத் திருப்பிக் கொடுத்தவன், அவள் தோளுக்கு மேலால் கையை நீட்டி, "ஐசி" என்றான். நீட்டிய கை திரும்பி வந்தபோது அதில் ஓர் அட்டை இருந்தது. மகனைப் பிடித்த அன்று பொலிஸ் வாங்கி வைத்துக்கொண்ட அட்டை. உடைந்த மூலையில் அவளே ஒட்டிய டேப் அப்படியே இருந்தது.

"பொய் சொல்ல வேணாம் அம்மா" என்று கோபமில்லாமல் சொல்லிவிட்டு, அவன் அட்டையை மறுபடியும் அவளுக்குப் பின்னால் நீட்டினான்.

அதை வாங்கிய கை அவள் கன்னத்தை உரசிக்கொண்டு போனது. கன்னத்தில் ஈர மண் ஒட்டியிருந்தது.