மேட்டில் ஒரு முள்

மட்கிப்போன மரக்கட்டையின் பக்கத்தில் பூச்சி ஆராய்ச்சிக்காரி மூச்சுகூட விடாமல் மல்லாந்து கிடக்கிறாள். கட்டையிலிருந்த நெட்டைக்கால் பூச்சி அவள் கன்னத்தில் ஏறி, நூல் போன்ற எட்டுக் கால்களையும் பரப்பி மூக்கருகே உட்கார்ந்திருக்கிறது. நடந்தால் தோலுக்கே தெரியாது, அவ்வளவு லேசு. பார்வைக்குச் சிலந்தியின் சித்தப்பா பிள்ளை, ஆனால் சிலந்தி இல்லை. முதுகின் நடுவே கண் இருக்கும் மேட்டில் எத்தனை முள் என்று பார்த்தால்தான் எந்த இனம் என்று சொல்ல முடியும். தன் மூக்கைத் தானே பார்க்க முடியாததால் லென்ஸைப் புருஷன் கையில் கொடுத்திருக்கிறாள். எட்டுக்கால் என்றாலே அவன் பத்தடி தள்ளி நிற்பவன். மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு, கண்ணை இறுக மூடிக்கொண்டு குனிந்து, அப்புறம்தான் திறக்கிறான். இலைகளின் வழியே ஒரு துண்டு வெயில் சரியாக அங்கே விழுகிறது. "மேடு தெரியுதாங்க?" உதடு அசையாமல் கேட்கிறாள். "தெரியுது. கறுப்பா, உருண்டையா." "முள்ளு?" "ஒண்ணே ஒண்ணு. சுருண்டு இருக்கு." அவள் கண் விரிகிறது. "சுருண்ட முள்ளா? அப்ப இது யாருமே பார்க்காத இனங்க. உங்க பேரையே வெச்சிடறேன்." அவன் நெஞ்சு நிமிர்கிறது. லென்ஸை விலக்கிக் கண்ணாடியை மாட்டுகிறான். பூச்சி எப்போதோ இறங்கி, கட்டைக்கு அந்தப் பக்கம் போய்க்கொண்டிருக்கிறது. மனைவியின் மூக்கோரத்தில், கல்யாணத்தன்று முதல் அவன் பார்த்துவரும் மச்சம் ஒற்றை முடியோடு வெயிலில் பளபளக்கிறது. "இன்னும் இருக்கா?" என்கிறாள். "அப்படியேதான் இருக்கு" என்கிறான். "அசையவே இல்ல."