சிரிப்பு ஷாட்

பிணமாக நடித்தவர் எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டுத்தான் போக வேண்டும். அந்தச் சிரிப்பையும் எடுத்து வைப்பது சினிமாக்காரர்களின் வழக்கம். அடி அண்ணாமலை கிராமத்தில் படப்பிடிப்பு நடந்த வீட்டுக்கு அன்று நடிகர் வராததால், செட் போட்ட அஜிதனே மாலையைப் போட்டுக்கொண்டு பாயில் படுத்தான். ஷாட் முடிந்தபோது வெளிச்சம் போய்விட்டது.

"சிரிப்பக் காலைல எடுத்துக்கோ சுருதி. நான் எங்க போயிடப் போறேன்?" என்றான், கேமரா உதவியாளரான தன் தங்கையிடம். சொல்லிவிட்டுத் தலை மட்டும் குலுங்கச் சிரித்தான். அவனுக்குச் சிரித்தால் சத்தமே வராது.

அன்றிரவு செங்கம் ரோட்டில் அவன் பைக்கில் லாரி மோதியது.

காரியம் முடிந்து படப்பிடிப்பு தொடர்ந்தது. வீட்டைக் காலி செய்யும் நாளில் சுருதி அந்தப் பாயின் முன் கேமராவை வைத்தாள்.

"இன்னாம்மா எடுக்கற? அங்க யாருமே இல்லியே" என்றார் டைரக்டர் மணிவேல்.

"மிச்சம் இருந்த ஷாட்டுங்க."

ரெக்கார்டை அழுத்தினாள். முகம் தெரிந்தால் மட்டுமே கேமராத் திரையில் வரும் பச்சைக் கட்டம், வெறும் தலையணையின் மேல் வந்து நின்றது.

"எழுந்திரு அண்ணா."

கட்டம் மெல்ல மேலேறி, உட்கார்ந்தவன் முகத்தின் உயரத்தில் நின்றது.

"சிரி."

கட்டம் குலுங்கியது. பேட்டரி தீரும்வரை சுருதி நிறுத்தவில்லை.