இரண்டு படிக்கட்டு வீடு

“அவன் இந்த டீயைக் குடிக்கணும், நிதாய்-தா. குடிச்சுட்டான்னா என் பிள்ளை உயிரோட இருக்கான்னு அர்த்தம். எனக்கு வேற எதுவும் வேண்டாம்” என்றாள் ராஜம்.

அந்த வீட்டைப் பார்த்துக்கொள்ளும் வங்காளிக்காரர் நிதாய் கெட்டிலிலிருந்து இரண்டு மண் குவளைகளில் டீயை ஊற்றினார். ஒன்றை ராஜத்தின் முன்னாலும், இன்னொன்றை எதிரே இருந்த காலி நாற்காலியின் முன்னாலும் வைத்தார்.

கல்கத்தா டாலிகஞ்சில் சினிமா ஸ்டுடியோக்களுக்குப் பின்னால் போகும் சந்தில் இருக்கிறது அந்த வீடு. மாடிக்கூடத்துக்கு இரண்டு படிக்கட்டுகள். கிழக்குப் படியில் விழித்திருப்பவர்கள் ஏறி வருவார்கள். எங்கோ தூங்கிக்கொண்டிருப்பவர்கள் கனவிலேயே மேற்குப் படியில் ஏறி வருவார்கள்.

இறந்தவர்கள் வருவதும் மேற்குப் படியில்தான். பார்வைக்கு ஒரு வித்தியாசமும் தெரியாது. அவர்கள் எதையும் குடிக்க மாட்டார்கள், அது ஒன்றுதான் அடையாளம்.

ராஜத்தின் மகன் ஹரீஷ், ப்ளஸ் டூவில் பெயிலாகி, அப்பா கை நீட்டிய அன்று வீட்டை விட்டுப் போனவன். பன்னிரண்டு வருஷமாக ஒரு தகவல் இல்லை. அப்பா போய்ச் சேர்ந்ததற்குக்கூட அவன் வரவில்லை.

வருஷம் தவறாமல் அவன் பிறந்தநாளன்று பேப்பரில் படம் போட்டு, ‘ஹரீஷ், உடனே வா, யாரும் திட்ட மாட்டோம்’ என்று விளம்பரம் கொடுப்பாள் ராஜம். அவள் குடியிருக்கும் லேக் மார்க்கெட்டில் அதைப் பார்த்து உச்சுக்கொட்டாத தமிழர் கிடையாது. வர வேண்டியவன் மட்டும் வரவில்லை. கடைசியில் யாரோ சொல்லி இந்த வீட்டுக்கு வர ஆரம்பித்தாள். ஞாயிற்றுக்கிழமைதோறும் மத்தியானம் முழுக்க மேற்குப் படியைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பாள்.

இன்று அவள் உள்ளே நுழைந்ததுமே நிதாய் சொல்லியிருந்தார்: “மாஷிமா, இன்னிக்கு உங்களைத் தேடி ஒருத்தர் வருவார்.”

அதிலிருந்து அவள் மேற்குப் படியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

“அம்மா.”

குரல் முதுகுக்குப் பின்னாலிருந்து வந்தது. திரும்பினாள். முப்பது வயது ஆள், கல்கத்தாவில் டிசம்பர் வந்தால் ஊரே மாட்டிக்கொள்ளும் மங்கி குல்லாயும் சால்வையுமாக நின்றான். குல்லாய்க்குள் தெரிந்த அந்தக் கண்கள் மட்டும் பதினெட்டு வயதிலேயே இருந்தன.

கட்டிக்கொள்ளத்தான் அவளுக்கு ஆசை. ஆனால் பயம் பெரிதாக இருந்தது.

“முதல்ல டீயைக் குடிடா” என்றாள்.

அவன் குவளையைக் கையில் எடுத்து அதையே பார்த்துக்கொண்டிருந்தான். ராஜத்துக்கு மூச்சே நின்றுவிடும் போலிருந்தது. பிறகு மெதுவாக வாயில் வைத்து, அடிவரைக்கும் குடித்தான்.

ராஜம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். உயிரோடு இருக்கிறான். அவள் பெற்ற பிள்ளை உயிரோடுதான் இருக்கிறான்.

“நீயும் குடிம்மா” என்றான் ஹரீஷ். அவள் குவளையில் ஆடை படிந்திருந்தது.

“நீ ஆத்துக்கு வர வரைக்கும் டீ, காப்பி தொடறதில்லேன்னு வேண்டிண்டிருக்கேன். கனவுல வந்தா அது கணக்குல சேராது.” மூக்கை உறிஞ்சிக்கொண்டு கேட்டாள்: “என் விளம்பரத்தைப் பார்த்தியா?”

“பேப்பர்ல ஃபோட்டோ பார்த்தேம்மா. அன்னிக்கே ரயில் ஏறிட்டேன்.”

“நல்ல ஃபோட்டோவே இல்லைடா அது. காது ரெண்டும் முறம் மாதிரி இருக்கும்.”

அவன் சிரிக்கப் பார்த்தான். வரவில்லை.

“குல்லாயைக் கழட்டு. முகத்தை நன்னா பார்க்கறேன்” என்று கையை நீட்டினாள். அவன் சட்டென்று இரண்டு கையாலும் அதைப் பிடித்துக்கொண்டான்.

“குளிர்றதும்மா.”

“சரி, போட்டுக்கோ. இப்போ எங்கே படுத்துத் தூங்கிண்டிருக்கே? அதைச் சொல்லு.”

“நம்மாத்துலதான் இருக்கேன். பக்கத்தாத்து நாகலட்சுமி மாமி சாவி குடுத்தா. இந்த வீட்டைப் பத்தியும் மாமிதான் சொன்னா.”

ராஜத்துக்குத் தலைகால் புரியவில்லை. லேக் மார்க்கெட் வீட்டில், கூடத்துப் பாயில், அவளுடைய பிள்ளை இந்த நிமிஷம் தூங்கிக்கொண்டிருக்கிறான். மெட்ரோவில் ஏறினால் அடுத்த பத்து நிமிஷத்தில் போய்விடலாம்.

“நான் வந்து எழுப்பற வரைக்கும் எழுந்துக்காதே. வரச்சே வெங்காயம் வாங்கிண்டு வரேன். சாம்பார் வெச்சு உருளைக்கிழங்கு வறுக்கறேன். அப்புறம் ரெண்டு பேரும் சேர்ந்து காப்பி குடிக்கலாம்.”

ஹரீஷ் நிதாயைப் பார்த்தான். நிதாய் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். வெளியே வெயில் தாழ்ந்து, மேற்குப் படியில் இருட்டு ஏற ஆரம்பித்திருந்தது.

ஹரீஷ் எழுந்து, கீழே விழுந்து நமஸ்காரம் செய்தான். அவள் பாதத்தின் மேல் நெற்றியை வைத்தவன் வெகுநேரம் எழுந்திருக்கவில்லை. பிறகு கிழக்குப் படியை நோக்கி நடந்தான்.

“அசடு, உன் படி அந்தப் பக்கம்டா” என்று சிரித்தாள் ராஜம். அவன் நிற்கவில்லை. அவளுக்கு லேசாக மனத்தாங்கல் வந்தது. “ஹரீஷ், அன்னிக்கும் இப்படித்தான் சொல்லிக்காம போனே. இன்னிக்காவது போயிட்டு வரேன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போயேன்.”

அவன் முதல் படியில் நின்று திரும்பினான். குல்லாயைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டான். புதிதாக மழித்த தலை.

“துக்கத்துக்கு வந்தா சொல்லிண்டு போகக் கூடாதுன்னு நீதானேம்மா சொல்லிக்குடுத்தே.”