தாழ்ப்பாளாகக் கிடந்த போல்ட்

எபநேசர் பழைய ராணுவத் துப்பாக்கிகளை ஏலத்தில் வாங்கிச் சேர்ப்பவர். சுட முடியாதபடி, தோட்டாவை உள்ளே தள்ளிப் பூட்டும் இரும்புத் தண்டான போல்ட்டை உருவிவிட்டுத்தான் விற்பார்கள். போல்ட் தனியே பழைய இரும்புக்குப் போய்விடும். ஒரு துப்பாக்கிக்கு மட்டும், அதே எண் பொறித்த போல்ட்டைப் பல வருடங்களாகத் தேடினார். அது ஒரு வீட்டின் உள்ளறைக் கதவில் தாழ்ப்பாளாகக் கிடந்தது. அறைக்குள் யாரோ அலறிக்கொண்டிருந்தார்கள்.

“என் வீட்டுக்காரர்தான். பட்டாளத்துல இருந்தவர்,” என்றாள் அன்னக்கொடி. “மத்த தாழ்ப்பாள் எல்லாத்தையும் பேத்துட்டாரு. வெளிய வந்தா நேரா என் கழுத்துக்குத்தான் வருவாரு.”

“அப்ப இத எடுத்துட்டா?”

“நீங்க புடிச்சுக்குங்க. வீடு நெறயத் துப்பாக்கி வச்சிருக்கீங்க, ஒரு கதவப் புடிக்க மாட்டீங்களா?”

எபநேசர் துருவைத் துடைத்து எண்ணைப் பார்த்தார். அதேதான். போல்ட்டின் கைப்பிடியைத் தூக்கிப் பாதிவரை இழுத்தார். இரும்பு உரசிய சத்தத்தில் அலறல் சட்டென்று நின்றது. வெறுங்கால்கள் கதவருகே வந்து சேர்ந்து நின்றன.

“ரெடி சார்,” என்றது உள்ளிருந்து ஒரு பணிவான குரல். “யாரச் சுடணும் சார்?”

உருவினால் கதவு திறந்துவிடும். திரும்பத் தள்ளினால், உள்ளே இருப்பவருக்கு அது தோட்டா ஏறும் சத்தம். எபநேசர் போல்ட்டைப் பிடித்தபடியே நின்றார். அன்னக்கொடி மெல்லச் சுவரோரம் நகர்ந்தாள்.