கொடியில் ஒரு நீலச் சட்டை

தையல்காரி தன் புருஷனின் நீலச் சட்டையைப் பிழிந்து தெருப்பக்கக் கொடியில் போடுகிறாள். அவன் இவளை விட்டுவிட்டுப் போய் மாதங்கள் ஆகின்றன. வெளியூரில் வேலை, ஞாயிற்றுக்கிழமை மட்டும் வந்து போகிறான் என்று ஊருக்குச் சொல்லி வைத்திருக்கிறாள். அதனால் திங்கட்கிழமைதோறும், யாரும் போடாத அந்தச் சட்டை தண்ணீரில் நனைகிறது. வாழாவெட்டி என்று ஒரு வாயில் விழுந்துவிட்டால் போதும், இந்த ஊர் அவளிடம் கிழிசல்கூடத் தைக்கக் கொடுக்காது. வெயிலில் தோள்பட்டை வெளுத்து, கிளிப் கடித்த இடம் மட்டும் கருநீலமாக நிற்கிறது. குடத்தோடு போன எதிர்வீட்டுக்காரி அந்த இடத்தையே பார்த்தபடி நிற்கிறாள். “அண்ணன் வந்துட்டுப் போயிட்டாரா அண்ணி?” “விடியுறதுக்கு முன்னாடியே கிளம்பிட்டாரு.” “பாவம், தையக்காரி புருஷனுக்கு இந்த ஒரு சட்டைதானா?” தெருவுக்கே கேட்கிற குரல். குழாயடியில் யாரோ களுக்கென்று சிரிக்கிறார்கள். “அவருக்கு இதுதான் ராசி” என்று தையல்காரியும் சிரிக்கிறாள். உள்ளே வந்து கதவைச் சாத்தியதும் சிரிப்பு அணைகிறது. மேஜையில் கட்டம்போட்ட துணியை விரித்துச் சாக்கட்டியை எடுக்கிறாள். அளவுச் சட்டை வேண்டியதில்லை. அவன் கழுத்தும் தோளும் விரல்களுக்கு மனப்பாடம். தைத்து முடித்ததும் காலரைக் கல்லில் வைத்துத் தேய்க்க வேண்டும், ஒரு மனுஷன் போட்டு நைந்ததுபோல் தெரிகிறவரைக்கும்.