வாய்தா கேட்டவர்

அரசு வக்கீலே எழுந்து, ஜாமீன் தரத் தங்களுக்கு ஆட்சேபணை இல்லை என்று சொல்லிவிட்டார்.

கடைசி பெஞ்சில் இருந்த சலோமி முன்னால் நகர்ந்து உட்கார்ந்தாள்.

ஊர் நிலத்தை நிலக்கரிச் சுரங்கத்துக்குத் தரமாட்டோம் என்று சாலையை மறித்தவன் அவள் புருஷன் ஜுனாஸ் டோப்னோ. லாரிக்குத் தீ வைத்ததாக வழக்கு. இலுப்பைப்பூ உதிர்கிற காலத்தில் உள்ளே போனவன், நெல்லறுப்பு முடிந்தும் வீடு திரும்பவில்லை.

ராஞ்சி உயர்நீதிமன்றத்து நீதிபதி, அவளுக்கும் புரியட்டும் என்பதுபோல இந்தியிலேயே பேசினார். சாட்சி இல்லாத வழக்கில் ஒரு மனுஷனை ஒருநாள் கூடுதலாக அடைத்து வைத்தாலும் அநியாயம்தான், இடைக்கால ஜாமீன் தருகிறேன் என்று பேனாவை எடுத்தார்.

அப்போதுதான் ஜுனாஸின் வக்கீல் சின்ஹா எழுந்தார். இன்னும் சில ஆவணங்கள் வரவேண்டும், ஒரு மாதம் வாய்தா வேண்டும் என்றார்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். ஜாமீன் கேட்டு வந்தவரே வேண்டாம் என்கிறாரா என்று கேட்டார். சின்ஹா தலையைக் குனிந்தபடி அதையே திரும்பச் சொன்னார்.

பேனா கீழே இறங்கிவிட்டது.

வராந்தாவில் சலோமி வக்கீலின் அங்கியைப் பிடித்து உலுக்கினாள். அவளைப் பிரித்து இழுத்தது போராட்டக் குழுச் செயலாளர் தசரத் மஹ்தோ. கம்பெனிக்காரன் உனக்கும் எலும்புத்துண்டு போட்டானா என்று அவனையும் ஒரு பிடி பிடித்தாள்.

திட்டையெல்லாம் வாங்கிக்கொண்டுதான் அவன் வாயைத் திறந்தான்.

"தேர்தல் வருது அண்ணி. உள்ள இருந்தபடியே நின்னாத்தான் ஜனம் ஓட்டுப் போடும். வாய்தா வாங்கச் சொன்னது ஜுனாஸ் அண்ணன்தான். போன வாரமே சொல்லி அனுப்பிட்டாரு."



நேற்றுதான் சலோமி சிறையில் ஜுனாஸைப் பார்த்துவிட்டு வந்திருந்தாள். இன்னும் ஒரு ராத்திரிகூடத் தாங்காது, நீதிபதி காலில் விழுந்தாவது என்னை வெளியே எடு என்று தேம்பித் தேம்பி அழுதான். பஸ்ஸில் வீடு வந்து சேரும்வரை அவளுக்கும் கண்ணீர் நிற்கவில்லை.

தசரத் குரலைத் தாழ்த்தினான். ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் அவளை மேடையேற்றப் போகிறார்களாம்.

"பெருசா ஒண்ணும் பேச வேணாம் அண்ணி. நேத்து அண்ணன் அப்படித் தேம்பி அழுதாரில்ல, அதை மட்டும் சொன்னாப் போதும்."

அவன் அழுததை அவள் யாரிடமும் சொல்லியிருக்கவில்லை.